கிராப்புத் தலை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. நீ லாஸ் ஏஞ்சலஸில் குடியேறியது முதல், அந்த ஊரில் உருவான மௌனப் படங்களைப் பற்றிக் கிடைப்பதையெல்லாம் படித்து வருகிறேன். 1909இன் இறுதியில் அங்கு வந்திறங்கிக் கௌபாய் படங்களாக எடுத்துத் தள்ளிய பைசன் நிறுவனத்தார், 1911இல் 'எ ரேஞ்ச் ரொமான்ஸ்' என்றொரு சிறு படத்தை வெளியிட்டிருக்கிறார்கள். மனைவியைப் பிரிந்த ஒருவன், தன் சிறு மகளை அழைத்துக்கொண்டு மேற்கே போய், அவளைப் பையனாகவே வளர்க்கிறான். ஆண்டுகள் கழித்து, அவர்கள் வேலைக்குச் சேர்ந்த மாட்டுப் பண்ணையின் மேற்பார்வையாளன் அந்தப் 'பையன்' மீது ஈர்ப்புக் கொள்கிறான். உண்மை வெளிப்பட்டதும் காதலர்கள் சேர்கிறார்கள், பிரிந்த பெற்றோரும் சேர்கிறார்கள். ஒரே சுருளில் இத்தனையையும் அடைத்தவர்களின் சாமர்த்தியத்தை மெச்சத்தான் வேண்டும்.

இது வெறும் கற்பனையும் அன்று. கலிபோர்னியாவில் குதிரை வண்டி ஓட்டிப் பெயர்பெற்ற ஒற்றைக்கண் சார்லி பார்க்கர்ஸ்ட் 1879இல் இறந்த பிறகுதான், அவர் உடலளவில் பெண் என்பது ஊருக்குத் தெரிந்தது. ஐடஹோவின் ஜோ மோனகன் 1904இல் மறைந்தபோதும் அவ்வாறே நிகழ்ந்தது. ஆனால் அவர்கள் இருவரும் அந்த உடையையும் வாழ்வையும் தாமே தேர்ந்துகொண்டவர்கள். படத்துப் பெண்ணுக்கோ அவள் அப்பன் தேர்ந்துகொடுத்தான். தனக்கு எது பிடிக்கும் என்று சொல்லத் தெரியாத வயதில் அது நடந்துவிட்டது. சொல்லத் தெரிந்த வயது வந்தபோது கதை கல்யாணத்துக்கு விரைந்துவிட்டது.

இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. "என் மகளை ஆம்பிளைப் பிள்ளை மாதிரி வளர்த்திருக்கிறேன்" என்று உறவினர் வீட்டு விசேஷங்களில் எத்தனை முறை மார்தட்டியிருப்பேன்! சைக்கிளும் நீச்சலும் கற்றுத் தந்ததில் எனக்கு வருத்தமில்லை. ஐந்தாம் வகுப்பு முடியும்வரை, மாதம் தவறாமல் உன்னைச் சலூனுக்கு அழைத்துப்போய் முடியை ஒட்ட வெட்டிவிட்டதுதான் உறுத்துகிறது. நீ சிரித்துக்கொண்டே நாற்காலியில் ஏறியதாக என் நினைவு. வீட்டுக்கு வந்ததும் அம்மாவின் பின்னலைப் பிடித்துக்கொண்டு நீ அழுவாய் என்று அவள் நேற்றுத்தான் சொன்னாள்.

எங்களில் யார் நினைவு சரி என்று அடுத்த கடிதத்தில் எழுது.

அன்புடன்,
அப்பா