‘வெறும் புதர்’ என்று எழுதலாமா?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு, வணக்கம்.

பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு முறை பூக்கிற நீலக்குறிஞ்சி பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். படங்கள் நன்றாகவே இருந்தன. ஆனால் ‘பூக்காத பதினோரு ஆண்டும் இது வெறும் புதர்தான்’ என்று நடுவில் ஒரு வரி. அதைத் தாண்டி என்னால் படிக்க முடியவில்லை. இருபது வருஷமாக உங்கள் இதழை வாங்குகிறேன். இதிலா இப்படி வந்தது என்று மனசு ஆறவில்லை.

நான் கொடைக்கானல் மேல்மலைக்காரி. பூண்டும் உருளைக்கிழங்கும் போடுகிற குடும்பம். 1970-ல் குறிஞ்சி பூத்தபோது எனக்கு எட்டு வயது. அப்புறம் 1982, 1994, 2006, 2018 என்று ஐந்து பூப்பு பார்த்துவிட்டேன். அம்மாவுக்குத் தன் கல்யாணத் தேதி தெரியாது, ‘குறிஞ்சி பூத்த வருஷம்’ என்பாள். அதை வைத்துத்தான் 1958 என்று நாங்கள் கணக்குப் போட்டோம்.

‘வெறும் புதர்’ என்ற பேச்சை நான் கேட்பது இது முதல் தடவை இல்லை. 2016-ல் எங்கள் தோட்டத்துக்கு எதிர்ச்சரிவை வெளியூர்க்காரர் ஒருவர் வாங்கி, தங்கும் விடுதி கட்ட ஜேசிபியைக் கொண்டுவந்தார். ஓடிப்போய், “இது குறிஞ்சிங்க, இன்னும் ரெண்டு வருஷத்துல பூத்துடும்” என்று சொன்னேன். வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தவர், “பூவே இல்லையேம்மா, வெறும் புதர்தானே” என்றார். சாயங்காலத்துக்குள் சரிவு முழுக்க மண்ணாகிவிட்டது. 2018 ஆகஸ்டில் எங்கள் பக்கம் மலையே நீலம், காலையிலிருந்து தேனீ இரைச்சல். எதிரே ஒரு பூ கிடையாது. விடுதி வாசலில் நின்று எங்கள் பக்கத்தைத்தான் படம் பிடித்தார்கள்.

தாங்கள் அறியாதது இல்லை. குறிஞ்சி வாழ்நாளில் ஒரே ஒரு முறை பூத்து, காய்த்து, விதையைச் சிந்திவிட்டுச் செத்துப்போகிற செடி. 2018-ல் விழுந்த விதை முளைத்து வளர்ந்ததுதான் இன்று சரிவில் நிற்கிறது. சொரசொரப்பான இலை, ஓரத்தில் ரம்பப் பல், முடிச்சு முடிச்சாகக் கறுத்த தண்டு. இதை இப்போது பிடுங்கினால் 2030-ல் பூவும் இல்லை, அடுத்த தலைமுறைக்கு விதையும் இல்லை. பூக்காத வருஷங்களில்தான் குறிஞ்சிக்குக் காவல் வேண்டும்.

பூத்த வருஷத்தில் மட்டும் என்ன வாழ்ந்தது? 2018-ல் வந்த கூட்டம் செடிக்குள் இறங்கி நின்று படம் எடுத்தது. கொத்துக் கொத்தாக ஒடித்துக் கார் முன்னால் வைத்துக்கொண்டு போனார்கள். காய் பிடிக்க வேண்டிய பூ அத்தனையும் அன்று மாலையே வாடியிருக்கும். வீட்டில் கொண்டுபோய் நட்டால் வருமா என்று என்னிடமே கேட்டார்கள்.

அதற்கும் முந்திய கதை ஒன்று உண்டு. புல்வெளியைத் தரிசு என்று ஏட்டில் எழுதிவைத்து, அதில் வாட்டில், பைன், தைலமரம் என்று வெளிநாட்டு மரங்களை நட்டார்கள். குறிஞ்சிக்கு வெயில் படுகிற புல்வெளிச் சரிவு வேண்டும். வாட்டில் மூடிய இடத்தில் அது நிற்காது. என் அப்பா ஆடு மேய்த்த மேட்டில் இன்று வாட்டிலைத் தவிர ஒன்றும் இல்லை. தரிசு என்றார்கள், புல்வெளி போனது. இப்போது புதர் என்கிறார்கள்.

நீலக்குறிஞ்சி இன்று வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் தாவரப் பட்டியலில் இருக்கிறது. எந்த உயிருக்கு அழியும் ஆபத்து என்று சொல்கிற உலகச் சிவப்புப் பட்டியலில் 2024-ல் அழிவாய்ப்பு இனமாகவும் சேர்த்தார்கள். கேரளத்தில் 2006-லேயே வட்டவடைப் பக்கம் இதற்கென்றே குறிஞ்சிமலை சரணாலயம் அறிவித்தார்கள். கட்டுரையில் இது ஒன்றையும் காணோம். எங்கே அறை எடுக்கலாம் என்பது மட்டும் அரைப் பக்கம் வந்திருக்கிறது.

தமிழ் படித்த உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை, குறுந்தொகையில் ‘கருங்கோல் குறிஞ்சி’ என்றுதான் வருகிறது. பூவுக்கு முன்னால் அந்தக் கறுத்த தண்டைச் சொன்னார் புலவர். ‘வெறும் புதர்’ என்று நீங்கள் எழுதியது அந்தத் தண்டைத்தான் ஐயா.

நான் கேட்பது பெரிதாக ஒன்றும் இல்லை. அடுத்த இதழில் அந்த வரி தவறு என்று ஒரு திருத்தம் போடுங்கள். கூடவே பூக்காத குறிஞ்சிச் செடியின் படம் ஒன்றையும் போட்டு, இதுதான் குறிஞ்சி, பிடுங்காதீர்கள் என்று கீழே எழுதுங்கள். படம் எடுக்க ஆள் அனுப்பினால் எங்கள் சரிவை நானே கூட்டிக்கொண்டு போய்க் காட்டுகிறேன். மழை பிடிப்பதற்குள் வரச் சொல்லுங்கள், அப்புறம் பாதை வழுக்கும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கொடைக்கானல் மேல்மலை.