அமெரிக்கத் துப்பாக்கி அனுமதிப்பத்திரம் மாநில எல்லையோடு நின்றுவிடும்

ஆசிரியர் அவர்களுக்கு,

அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2022 ஆம் ஆண்டில் வழங்கிய தீர்ப்பின் பின்னர், கைத்துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்வதற்கான அனுமதிப்பத்திரம் பெற்ற ஒருவர் அந்நாட்டின் எந்த மாநிலத்துக்கும் துப்பாக்கியுடன் பயணம் செய்யலாம் என்ற பொருள்பட, தங்கள் பத்திரிகையின் வெளிநாட்டுச் செய்திப் பக்கத்தில் அண்மையில் ஒரு கட்டுரை வெளியாகியிருந்தது. அது சரியன்று. வெளிநாட்டுச் செய்தியில் நேர்ந்த பிழை என்று கடந்துபோக என்னால் இயலவில்லை. இங்கே திருகோணமலையில், உவர்மலையிலும் உப்புவெளியிலும் சாம்பல்தீவிலும் பிள்ளைகளை அமெரிக்காவில் வாழவிட்டிருக்கும் பெற்றோர் பலர் இருக்கிறார்கள். இப்படியொரு செய்தி வந்தால் அந்தப் பக்கத்தைப் படமெடுத்து வட்ஸ்அப்பில் பிள்ளைகளுக்கு அனுப்பிவைப்பவர்கள் அவர்கள். அதை நம்பி ஒரு பிள்ளை எல்லை தாண்டினால் சிறைக்குச் செல்ல நேரிடலாம். ஆகவே சற்று விரிவாக எழுதுவதைத் தாங்கள் பொறுத்தருள வேண்டும்.

முதலில் அந்தத் தீர்ப்பு என்ன சொன்னது என்பதைப் பார்ப்போம். வெளியிடங்களில் கைத்துப்பாக்கி வைத்திருப்பதற்கு, மற்றவர்களுக்கு இல்லாத ஒரு சிறப்புத் தேவை தமக்கு உண்டென்று விண்ணப்பதாரர் நிரூபிக்க வேண்டும் என நியூயோர்க் மாநிலச் சட்டம் கோரியது. அந்த நிபந்தனை, ஆயுதம் வைத்திருக்கும் உரிமையைக் கூறும் அமெரிக்க அரசியலமைப்பின் இரண்டாவது திருத்தத்துக்கு முரணானது என்று 2022 ஜூன் 23 அன்று ஆறு நீதியரசர்கள் தீர்ப்பளித்தார்கள், மூவர் மாறுபட்டார்கள். அனுமதிப்பத்திர முறையே கூடாது என்று நீதிமன்றம் சொல்லவில்லை. பின்னணிச் சோதனை, பயிற்சி போன்ற நிபந்தனைகளை மாநிலங்கள் தொடர்ந்து விதிக்கலாம். ஒரு மாநிலம் வழங்கிய அனுமதியை இன்னொரு மாநிலம் ஏற்றாக வேண்டும் என்று அந்தத் தீர்ப்பில் ஓரிடத்திலும் இல்லை.

திருகோணமலையிலிருந்து கண்டிக்குப் புறப்படும் ஒருவர் கந்தளாய் தாண்டி, ஹபரணை, தம்புள்ளை வழியாக மூன்று மாகாணங்களைக் கடக்கிறார். துப்பாக்கி தொடர்பான சட்டம் வழியில் எங்கும் மாறுவதில்லை. 1916 ஆம் ஆண்டின் துப்பாக்கிகள் கட்டளைச்சட்டமே இந்நாடு முழுவதற்கும் உரியது. மாகாண சபைகளை உருவாக்கிய, நம் இலங்கை அரசியலமைப்பின் பதின்மூன்றாவது திருத்தம் வந்து இத்தனை ஆண்டுகளாகியும் மாகாணங்களுக்குப் பொலிஸ் அதிகாரம் கைக்கு வராத நாட்டில் வாழும் நமக்கு, ஒரு மாநிலம் தன் எல்லைக்குள் தனக்கென்று முழுமையான துப்பாக்கிச் சட்டம் வைத்திருப்பதும், அடுத்த மாநிலத்தின் பத்திரத்தை ஏற்க மறுப்பதும் கற்பனைக்கு எட்டாதவைதான். அமெரிக்காவோ சமஷ்டி நாடு. 2024 ஆம் ஆண்டளவில் 29 மாநிலங்களில், சட்டத் தகுதியுள்ள வயதுவந்தவர் எந்தப் பத்திரமும் இன்றியே கைத்துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லலாம் என்ற நிலை வந்துவிட்டது. அதே நாட்டில் நியூயோர்க், நியூஜேர்சி, மேரிலன்ட், கலிபோர்னியா போன்ற மாநிலங்களும் தலைநகர் வொஷிங்டனும் வெளிமாநிலப் பத்திரம் எதையும் ஏற்பதில்லை. பென்சில்வேனியா போன்றவை சில மாநிலங்களின் பத்திரங்களை மட்டும் ஏற்கின்றன. சாரதி அனுமதிப்பத்திரத்தை எல்லா மாநிலங்களும் ஏற்பதால், இதுவும் அப்படியே இருக்கும் என்று நம் பிள்ளைகள் எண்ணிவிடுகிறார்கள்.

அயலவர் ஒருவர், வேர்ஜீனியாவில் குடும்பத்துடன் வாழும் தம் மகன் அனுப்பிய படத்தைப் பெருமையுடன் எனக்குக் காட்டினார். மகனின் பெயர், முகவரி, ஐந்தாண்டுகளில் காலாவதியாகும் திகதி ஆகியவை அந்தப் பத்திரத்தில் இருந்தன. நீதிமன்றப் பதிவாளராகப் பணியாற்றிய பழக்கத்தால், வழங்கியவர் யார் என்றுதான் என் கண் முதலில் தேடியது. அதை வழங்கியிருந்தது, நம் மாவட்டம் போன்ற நிருவாகப் பிரிவான ஒரு கவுன்டியின் சர்க்கியூட் நீதிமன்றம். வொஷிங்டனிலுள்ள மத்திய அரசின் முத்திரை அதில் எங்கும் இல்லை. அவர் மகன் பிள்ளைகளின் கோடை விடுமுறையில் காரில் கனடாவின் ஸ்காபரோவிலுள்ள சித்தி வீட்டுக்குப் போகவிருக்கிறார் என்பதையும், வழியில் பாதுகாப்புக்குப் பிஸ்டலை எடுத்துச் செல்லும் எண்ணம் அவருக்கு உண்டு என்பதையும் அதன் பிறகுதான் அறிந்தேன்.

அந்தப் பயணத்தையே எடுத்துப் பார்ப்போம். வேர்ஜீனியாவிலிருந்து வடக்கே செல்பவர் மேரிலன்ட், பென்சில்வேனியா, நியூயோர்க் ஆகியவற்றைக் கடந்து பஃபலோவில் கனடா எல்லையை அடைகிறார். இடுப்பில் தோட்டா ஏற்றிய துப்பாக்கியுடன் மேரிலன்டுக்குள் நுழைந்த கணத்திலேயே அவர் குற்றம் புரிந்தவராகிறார். பிரயாணிகளுக்கென்று மத்திய சட்டப் பாதுகாப்பு ஒன்று இருக்கிறதே என்று சிலர் சொல்வார்கள். உண்டு. 1986 ஆம் ஆண்டில் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் நிறைவேற்றிய துப்பாக்கி உரிமையாளர் பாதுகாப்புச் சட்டம், இடையிலுள்ள மாநிலங்களின் சட்டம் எதுவாக இருந்தாலும், துப்பாக்கியுடன் அவற்றைக் கடந்துசெல்ல இடமளிக்கிறது. ஆனால் துப்பாக்கியில் தோட்டா இருக்கக் கூடாது. துப்பாக்கியோ தோட்டாவோ வாகனத்தில் அமர்ந்திருப்பவரின் கைக்கு எட்டக் கூடாது, அதாவது இரண்டும் டிக்கியில் இருக்க வேண்டும். டிக்கி தனியாக இல்லாத வாகனமாயின் பூட்டிய பெட்டிக்குள் இருக்க வேண்டும், அந்தப் பெட்டி டாஷ்போட் அறையாகவோ இருக்கைகளுக்கு நடுவிலுள்ள அறையாகவோ இருக்கக் கூடாது. இடுப்பில் மறைத்து வைத்திருப்பவருக்கு இச்சட்டம் ஒருபோதும் உதவாது.

இதைவிடப் பலர் கவனியாத நிபந்தனை வேறொன்று. புறப்படும் இடத்திலும் சென்று சேரும் இடத்திலும் அத்துப்பாக்கியை வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் அவருக்குச் சட்டப்படி உரிமை இருக்க வேண்டும். வேர்ஜீனியாவிலிருந்து நியூ ஹம்ப்ஷயருக்குச் செல்பவருக்கு நியூயோர்க்கின் ஊடாகச் செல்லும்போது இந்தப் பாதுகாப்பு உண்டு. நியூயோர்க்கிலுள்ள ஃபிளஷிங் பிள்ளையார் கோயில் திருவிழாவுக்கு என்று புறப்படுபவருக்கு இல்லை. அந்த மாநிலத்தின் பத்திரம் இல்லாமல் அங்கே கைத்துப்பாக்கி வைத்திருப்பதே குற்றம் என்பதால், டிக்கியில் பூட்டி வைத்தாலும் அவர் பிழை செய்தவரே. ஸ்காபரோவுக்குச் செல்பவரின் நிலை இன்னும் மோசமானது. பொதுமக்கள் கைத்துப்பாக்கிகளை வாங்குவதையும் விற்பதையும் கைமாற்றுவதையும் நாட்டுக்குள் கொண்டுவருவதையும் கனடா 2022 ஒக்டோபரில் முடக்கியது. எல்லைச் சாவடியில் அதை மறைத்தால் கடத்தல் குற்றச்சாட்டு எழும். போய்ச் சேரும் இடம் கனடாவாக இருக்கும்போது, வழியிலுள்ள மாநிலங்களில் அமெரிக்க மத்திய சட்டமும் துணைக்கு வராது.

வழியில் தங்குவதும் ஆபத்தே. உட்டா மாநிலத்தவர் ஒருவர் 2005 ஆம் ஆண்டில் விமானத்தில் பென்சில்வேனியாவுக்குப் புறப்பட்டார். துப்பாக்கியை விதிப்படி பூட்டிய பெட்டியில் வைத்து, விமான நிறுவனத்துக்கு அறிவித்து, பயணப்பொதியோடு ஒப்படைத்திருந்தார். நியூஜேர்சியின் நுவார்க் விமான நிலையத்தில் தொடர் விமானத்தைத் தவறவிட்டதால், பொதியைப் பெற்றுக்கொண்டு அருகிலிருந்த ஹோட்டலில் ஓர் இரவு தங்க நேர்ந்தது. மறுநாள் காலை விமான நிலையத்தில் துப்பாக்கியைப் பற்றி அவராகவே அறிவித்தபோது கைது செய்யப்பட்டார். குற்றச்சாட்டு பின்னர் கைவிடப்பட்டது. எனினும் அவர் நட்டஈடு கோரித் தொடுத்த வழக்கை 2010 ஆம் ஆண்டில் மத்திய மேன்முறையீட்டு நீதிமன்றம் நிராகரித்தது. அந்த இரவு துப்பாக்கி அவருடைய கைக்கு எட்டும் இடத்தில் இருந்தது என்பதே காரணம். விமானத்தைத் தவறவிட்டது அவருடைய குற்றமன்று என்பதை நீதிபதிகளே உணர்ந்திருந்தும், சட்டத்தின் வாசகம் வேறு முடிவுக்கு இடமளிக்கவில்லை. சட்டத்தைக் கடைப்பிடிக்க மனதார முயன்ற ஒருவருக்கே இந்தக் கதி நேர்ந்தது.

இன்னொரு வழக்கு என் மனத்தை வெகுவாகப் பாதித்தது. பிலடெல்பியாவைச் சேர்ந்த இளம் தாய் ஒருவர், தனியாகப் பிள்ளைகளை வளர்த்துவந்தவர், பென்சில்வேனியாவில் முறைப்படி பத்திரம் பெற்றிருந்தார். 2013 ஒக்டோபரில் நியூஜேர்சியில் காரோட்டிச் சென்றபோது, வீதி ஒழுங்கு மீறல் ஒன்றுக்காகப் பொலிஸார் அவரை நிறுத்தினார்கள். என்னிடம் துப்பாக்கி இருக்கிறது, அதற்குப் பத்திரமும் இருக்கிறது என்று அவரே முன்வந்து சொன்னார். நியூஜேர்சியில் அந்தப் பத்திரத்துக்குப் பெறுமதி இல்லை. அனுமதியின்றிக் கைத்துப்பாக்கி வைத்திருப்பது அங்கே ஐந்து முதல் பத்தாண்டு வரை சிறைக்குரிய குற்றம். அதில் ஒரு பகுதியைப் பரோல் இன்றிக் கழித்தே தீர வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. முன்னர் எக்குற்றமும் புரியாத அந்தப் பெண் விளக்கமறியலில் வாரக்கணக்கில் இருந்தார். எங்கும் எழுந்த எதிர்ப்புக்குப் பின்னரே அரச வழக்குத் தொடுநர் இறங்கிவந்தார். 2015 ஏப்ரலில் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி அவருக்கு முழு மன்னிப்பு வழங்கினார். ஆளுநரின் கருணை எல்லாருக்கும் கிட்டும் என்று நம்பி நம் பிள்ளைகள் பயணம் செய்ய முடியுமா?

அந்தத் தாய் அமெரிக்கப் பிரஜை. பிரஜையல்லாதவர்களின் நிலையைக் கட்டுரை ஒரு வரியிலும் தொடாமல் விட்டதே என் பெருங்கவலை. நம் பிள்ளைகளில் பலர் இன்னும் பிரஜாவுரிமை பெறாதவர்கள். நிரந்தர வதிவிட அட்டையான கிறீன் காட் வைத்திருப்பவர் துப்பாக்கி வாங்கலாம், மாநிலச் சட்டப்படி பத்திரமும் பெறலாம். ஆனால் துப்பாக்கியைச் சட்டவிரோதமாக வைத்திருந்ததாகவோ எடுத்துச் சென்றதாகவோ குற்றத்தீர்ப்பு வந்துவிட்டால், எத்தனை ஆண்டுகள் அங்கு வாழ்ந்தவராயினும், குடிவரவுச் சட்டப்படி நாடு கடத்தப்படக் கூடியவராகிறார். பிரஜை ஒருவருக்குத் தண்டப்பணத்தோடு முடியக்கூடிய வழக்கு, இவருக்கு வீட்டையும் தொழிலையும் பிள்ளைகளின் பாடசாலையையும் விட்டு வெளியேற வேண்டிய வழக்காக மாறிவிடும். அங்குள்ள குற்றவியல் சட்டத்தரணி குடிவரவு விளைவைக் கவனியாமல் குற்றத்தை ஒப்புக்கொள்ளச் சொன்னாலும் முடிவு அதுவே.

மாணவர் விசாவிலும் எச்-1பி தொழில் விசாவிலும் இருப்பவர்கள் பொதுவாகத் துப்பாக்கியையோ தோட்டாவையோ வைத்திருக்கவே கூடாது என்று மத்திய சட்டம் தடுக்கிறது. செல்லுபடியான வேட்டை அனுமதிப்பத்திரம் வைத்திருத்தல் போன்ற சில விதிவிலக்குகள் மட்டுமே உண்டு; மீறுபவருக்குப் பதினைந்தாண்டு வரை சிறை விதிக்கப்படலாம். பிள்ளைகளைப் பார்க்கச் சுற்றுலா விசாவில் செல்லும் நம் போன்ற முதியவர்களுக்கும் இதே தடைதான். சுடும் பயிற்சித் திடலுக்கு அழைத்துச் செல்லும் மகன், ஒரு படம் எடுப்பதற்காகத் தகப்பன் கையில் பிஸ்டலைக் கொடுப்பது அன்பினால் செய்யும் காரியமாக இருக்கலாம். அந்தப் படமே தகப்பனுக்கு எதிரான சாட்சியமாகிவிடும்.

விமானப் பயணம் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். கைப்பொதியில் துப்பாக்கி எக்காரணம் கொண்டும் கூடாது. தோட்டா நீக்கி, உறுதியான பெட்டியில் பூட்டி, கருமபீடத்தில் அறிவித்து, ஒப்படைக்கும் பொதியில் மட்டுமே அனுப்பலாம். 2023 ஆம் ஆண்டில் மாத்திரம் அமெரிக்க விமான நிலையச் சோதனைச் சாவடிகளில் 6,737 துப்பாக்கிகள் பிடிபட்டன. அவற்றில் பத்தில் ஒன்பதுக்கு மேற்பட்டவை தோட்டா ஏற்றப்பட்டவை. பையில் துப்பாக்கி இருப்பதை மறந்துவிட்டோம் என்பதே பிடிபட்டவர்கள் வழக்கமாகச் சொல்லும் காரணம். பயிற்சித் திடலுக்குக் கொண்டுபோகும் பையை ஊருக்கு வரும்போது எடுத்துவர வேண்டாம் என்று பிள்ளைகளிடம் சொல்லிவையுங்கள். அதன் மூலையில் ஒரு தோட்டா கிடந்தாலும் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் விடை சொல்ல வேண்டியிருக்கும்.

மாநில அனுமதிகளை நாடு முழுவதும் ஏற்கச் செய்யும் சட்டமூலம் 2017 டிசம்பரில் காங்கிரஸின் பிரதிநிதிகள் சபையில் 231க்கு 198 என்ற வாக்குகளால் நிறைவேறியது. செனட் சபை அதை எடுக்கவில்லை. 2025 ஆம் ஆண்டில் மீண்டும் சமர்ப்பிக்கப்பட்டது. கட்டுரையாளர் இதையும் தீர்ப்பையும் ஒன்றாக்கிக் குழப்பிக்கொண்டிருக்கலாம். அரசியலமைப்பு தந்த உரிமை எல்லைக் கோட்டில் நின்றுவிடலாமா என்று கேட்பவர்களின் வாதத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆயினும் எந்தப் பயிற்சியும் கேட்காத ஒரு மாநிலத்தின் அனுமதியை, நெருக்கமான நகரங்களைக் கொண்ட இன்னொரு மாநிலத்தின் மேல் திணிப்பது சரியென்று எனக்குப் படவில்லை. துப்பாக்கி ஏந்தியவர்கள் நடுவே பல பத்தாண்டுகளைக் கழித்த நகரத்திலிருந்து எழுதுபவன் என்பதும் என் இந்த எண்ணத்துக்குக் காரணமாக இருக்கலாம். எவ்வாறாயினும் சட்டமூலம் சட்டமாகும் வரை பழைய நிலையே நீடிக்கும். பணியிலுள்ள பொலிஸாருக்கும் தகுதிபெற்ற ஓய்வுநிலைப் பொலிஸாருக்கும் மட்டுமே 2004 ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று நாடு தழுவிய உரிமையை வழங்கியிருக்கிறது.

அண்டை மாநிலம் பத்திரத்தை ஏற்றுக்கொண்டாலும் பயணிப்பவர் கட்டுப்பட வேண்டியது அந்த மாநிலத்தின் சட்டத்துக்கே. பொலிஸார் நிறுத்தியவுடன், கேட்கும் முன்னரே துப்பாக்கி இருப்பதைச் சொல்ல வேண்டும் என்பது மிச்சிகன் போன்ற மாநிலங்களின் விதி. பத்துத் தோட்டாக்களுக்கு மேல் கொள்ளும் மகசின் நியூயோர்க்கிலும் நியூஜேர்சியிலும் தடை. பாடசாலையிலிருந்து ஆயிரம் அடிக்குள் துப்பாக்கி வைத்திருப்பதை மத்திய சட்டம் தடுக்கிறது. பத்திரம் பெற்றவருக்கு அளிக்கும் விதிவிலக்கும் அப்பத்திரத்தை வழங்கிய மாநிலத்துக்குள் மட்டுமே செல்லும். பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு நகரங்களின் ஊடாகச் செல்லும் ஒரு கார் எத்தனை பாடசாலைகளைக் கடக்கும் என்று அயலவரிடம் கேட்டேன். மகனுடன் பேசுவதாகச் சொன்னார். பேசியும் விட்டார். பிஸ்டல் வேர்ஜீனியா வீட்டுப் பெட்டகத்திலேயே இருக்கும் என்று மகன் உறுதியளித்திருக்கிறார்.

அமெரிக்கப் பாடசாலைகளின் கோடை விடுமுறை ஜூன் மாதத்தில் தொடங்கிவிடும். குடும்பங்கள் காரில் புறப்படும் அந்தக் காலத்துக்கு முன்னதாக, கட்டுரை வெளியான அதே பக்கத்தில், அதே அளவு எழுத்தில் திருத்தம் ஒன்றை வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். பிரஜாவுரிமை பெறாதவர்கள் பயணத்துக்கு முன் அவ்விடத்துக் குடிவரவுச் சட்டத்தரணி ஒருவரிடம் ஆலோசனை பெற வேண்டும் என்ற வரியையும் அதில் தவறாமல் சேர்க்க வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற நீதிமன்றப் பதிவாளர்,
உவர்மலை, திருகோணமலை.