குதிரை இல்லாத பிலிப்புமார்

அன்புள்ள மகனுக்கு,

இங்கே எல்லோரும் சுகம். அம்மாவுக்கு முழங்கால் நோ மட்டும் விட்டபாடில்லை. அந்த நோவோடும் பிள்ளையின் படத்தை ஒழுங்கை முழுக்கக் கொண்டுபோய்க் காட்டிவிட்டு வந்துவிட்டா. மூக்கு எங்கள் பக்கம் என்று ஒழுங்கையில் முடிவாகிவிட்டது. மருமகள் கோபிக்க வேண்டாம்.

பெயர் விஷயத்துக்கு வருகிறேன். என் அப்புவின் பெயரைப் பெடியனுக்கு வைக்கலாமா என்று கேட்டிருந்தாய். இணையத்தில் தேடினால் ‘பிலிப்பு: குதிரைகளை நேசிப்பவன்’ என்று ஒரு வரியும், கீழே அதிர்ஷ்ட எண்ணும் அதிர்ஷ்டக் கல்லும் வருகிறது என்றாய். மருமகள் கேட்டது வேறு. அவள் நல்லூர்ப் பிள்ளை. ‘கோயிலை இடித்த பறங்கியின் பெயரும் இதுதானே மாமா’ என்று ஒரு வரி எழுதியிருந்தாள். அவள் கேட்டதுதான் கேள்வி. வரலாறு படிப்பித்தவனிடம் கேட்டால் பதில் நீளும், இரண்டு பேரும் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவள் சொன்னது சரி. 1619இல் யாழ்ப்பாண அரசைப் பிடித்தவன் பிலிப்பே டி ஒலிவேரா. 1621இல் நல்லூர்க் கோயிலை இடித்தவனும் அவனே. 1580இல் போர்த்துக்கலின் முடி ஸ்பெயின் அரசனிடம் போய்விட்டது. 1619இல் லிஸ்பனுக்கும் மட்ரிட்டுக்கும் சேர்த்து ஆண்டவன் பெயரும் பிலிப்பு. அரசன் பிலிப்பு, தளபதி பிலிப்பு. 1658இல் ஒல்லாந்தர் கோட்டையைப் பிடித்தார்கள். அவர்களோடு வந்த பாதிரியார் பெயரைக் கேட்டால் பிலிப்புஸ் பால்டியஸ். எங்கள் ஊரையும் சனத்தையும் பற்றி அவர் எழுதிய புத்தகம் 1672இல் அம்ஸ்டர்டாமில் வந்தது. இதையெல்லாம் மூடிமறைத்துக்கொண்டு பெயர் வைக்கத் தேவையில்லை.

ஆனால் அந்தப் பெயர் அவர்களுக்கும் இரவல்தான். ஒலிவேரா கப்பலேறியபோதே அதற்கு இரண்டாயிரம் வயது தாண்டிவிட்டது. மேற்கு ஐரோப்பிய அரச குடும்பங்களுக்குள் அது எப்படி நுழைந்தது என்பது ஒரு நல்ல கதை. பிரான்ஸ் அரசன் முதலாம் ஹென்றி, எங்கேயோ கிழக்கே கிடந்த கியேவ் நகரத்து இளவரசி ஆன்னாவைக் கலியாணம் செய்தான். 1052இல் பிறந்த அவர்களுடைய மகனுக்கு வைத்த பெயர் பிலிப்பு. அதற்கு முன் பிரான்சில் அப்படி ஓர் அரசன் இல்லை. அதற்குப் பிறகு அங்கே பிலிப்புமாருக்குக் குறைவே இல்லை. பர்கண்டிப் பிரபுக்கள் வழியாக ஸ்பெயினுக்கும் போனது. 1527இல் பிறந்த ஸ்பெயின் அரசன் இரண்டாம் பிலிப்புக்கு அவனுடைய அப்பப்பாவின் பெயரைத்தான் வைத்தார்கள். அவன் இளவரசனாக இருந்த காலத்திலேயே கீழைக் கடலில் சில தீவுகளுக்கு அவன் பெயரைச் சூட்டினார்கள். பிலிப்பைன்ஸ் என்று நாங்கள் சொல்வது அதைத்தான்.

சரி, பெயர் பிறந்த இடத்துக்கு வருவோம். கிரேக்கத்தில் அது பிலிப்பொஸ். பிலொஸ் என்றால் பிரியமானவன், ஹிப்பொஸ் என்றால் குதிரை. இணையம் சொன்ன அர்த்தம் பிழையில்லை, ஆனால் அரைவாசிதான். ‘நேசிப்பவன்’ என்றதும் நீ என்ன நினைப்பாய்? மிருகங்களிடம் இரக்கமுள்ள பிள்ளை என்று. கிரேக்கனுக்கு அப்படிக் கேட்காது. அந்த நாடு மலையும் கல்லும். உழுவதற்கு மாடு, சுமப்பதற்குக் கழுதை. குதிரை இரண்டுக்கும் உதவாது, ஆனால் மனுசர் தின்னக்கூடிய வாற்கோதுமையைத் தின்னும். ஆகவே குதிரை கட்டியிருக்கிற வீடு வசதியான வீடு. கி.மு. 594இல் ஏதென்சில் சோலோன் என்பவர் குடிமக்களை விளைச்சல் கணக்குப் பார்த்து நாலு வகுப்பாகப் பிரித்தார். ஆண்டுக்கு 300 அளவுக்கு மேல் விளைந்தால் இரண்டாம் வகுப்பு. அந்த வகுப்பின் பெயரே ‘குதிரைக்காரர்’. பிள்ளையின் பெயரில் ஒரு ஹிப்பொஸைச் செருகினால், எங்கள் வீட்டு நிலவரம் இது என்று ஊருக்குச் சொன்ன மாதிரி. ஏதென்சுத் தலைவர் பெரிக்ளிசின் தகப்பன் சாந்திப்பொஸ். சோக்கிரட்டீசின் மனைவி சாந்திப்பே. வைத்தியர் ஹிப்போகிரட்டீஸ். எல்லாம் குதிரைதான்.

இந்தப் பெயர்ப் பெருமையைக் கிரேக்கர்களே பகிடி பண்ணியிருக்கிறார்கள். கி.மு. 423இல் அரிஸ்தோபனிஸ் போட்ட ‘மேகங்கள்’ நாடகத்தில் ஒரு கமக்காரன் பெரிய இடத்தில் பெண் எடுத்துவிடுகிறான். பெடியன் பிறந்ததும் பெயரில் சண்டை. அவளுக்குச் சாந்திப்பொஸ், கல்லிப்பிடெஸ் என்று குதிரை ஓடுகிற பெயர் வேண்டும். அவனுக்குத் தன் தகப்பன் பெயரை ஒட்டி, சிக்கனம் என்ற பொருள் வருகிற பெயர் வேண்டும். நாள்கணக்கில் இழுபட்டு, கடைசியில் இரண்டையும் ஒட்டி ஃபெய்திப்பிடெஸ் என்று வைக்கிறார்கள். சிக்கனமும் குதிரையும் ஒரே பெயரில்! பெடியன் வளர்ந்து குதிரையை மட்டும் எடுத்துக்கொண்டான். தகப்பன் கடன்காரருக்கு ஒளித்துத் திரிகிறான். நீயும் மருமகளும் இப்போது நடத்துகிற வழக்கு அவ்வளவு பழையது.

ஆனால் அந்தக் கமக்காரன் கேட்டதுதான் கிரேக்க வழமை. ஆண்பிள்ளை பிறந்தால் ஏதென்சில் வாசற்கதவில் ஒலிவ இலை வளையம் தொங்கவிடுவார்கள், பெண்பிள்ளை என்றால் கம்பளி நூல். பத்தாம் நாள் இரவு சொந்தக்காரருக்கு விருந்து வைத்து, அங்கே பெயரைச் சொல்வார்கள். மூத்தவனுக்கு அநேகமாகத் தகப்பனின் தகப்பன் பெயர். அடுத்தவனுக்குத் தாயின் தகப்பன் பெயரும் வரும். அகராதி பார்த்துப் பெயர் வைத்தவர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள் என்று நினைக்கிறாய்? கிழவன் பெயர் பிலிப்பொஸ் என்றால் பெடியனும் பிலிப்பொஸ், வீட்டில் கோவேறு கழுதை மட்டும் நின்றாலும்.

இந்த உரிமைக்காகக் கோடேறியும் இருக்கிறார்கள். கி.மு. 348 அளவில் மந்திதேயொஸ் என்றொருவன் தன் தகப்பனுக்கு இன்னொருத்தியிடம் பிறந்தவன் மேல் வழக்குப் போட்டான். சொத்து வழக்கு அல்ல, பெயர் வழக்கு. ‘அவன் பெயர் பொயோத்தொஸ். இப்போது தானும் மந்திதேயொஸ் என்கிறான். அது எங்கள் அப்பப்பாவின் பெயர், மூத்தவன் நான், பெயர் என்னுடையது’ என்பது முறைப்பாடு. வழக்குரையை எழுதிக் கொடுத்தவர் பேச்சாளர் டெமொஸ்தெனிஸ். அது இன்றும் இருக்கிறது. வாசித்தால் சிரிப்பு வரும். இருவருக்கும் ஒரே பெயர், ஒரே தகப்பன், ஒரே ஊர். சீட்டுக் குலுக்கிப் பதவி விழுந்தால் யாருக்கு? படைக்கு அழைத்தால் யார் போவது? ஒருவன் தண்டத்தை மற்றவன் தலையில் எழுதினால் யாரிடம் போய்ச் சொல்வது? வேலிக்கும் கிணற்றுப் பங்குக்கும் வழக்காடுகிற சாதி நாங்கள் மட்டும்தான் என்று இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன்.

உண்மையில் குதிரையும் பெயரும் ஒத்துவந்த பிலிப்பு என்று சொன்னால் மாசிடோனிய அரசன் இரண்டாம் பிலிப்புதான், அலெக்சாண்டரின் தகப்பன். கிரேக்கத்தின் வடக்கில் புல்வெளி உண்டு, நல்ல குதிரை உண்டு, அவனுடைய படையின் பலமே குதிரைப்படை. கி.மு. 356இல் ஒரு நகரத்தைப் பிடித்த கையோடு அவனுக்கு மூன்று செய்தி ஒன்றாக வந்தது என்று புளுட்டார்க் எழுதுகிறார்: தளபதி சண்டையில் வென்றான், ஒலிம்பியாவில் குதிரை வென்றது, ஆண்பிள்ளை பிறந்தது. இதில் அவன் காசில் அடித்தது குதிரையை. அவனுடைய வெள்ளி நாணயம் ஒன்றின் படம் அனுப்புகிறேன், பெருப்பித்துப் பார். கிரேக்கரின் பெரிய தெய்வம் சேயுசின் முகம் ஒருபக்கம் இருக்கட்டும். மற்றப் பக்கத்தில் உயர்ந்த குதிரையின் முதுகில் உடுப்பே இல்லாத ஒரு சின்னப் பெடியன், கையில் வெற்றிக்குக் கொடுத்த ஈச்சங்குருத்து. மேலே வளைத்து எழுதியிருப்பது ‘பிலிப்பு’. ஆண்டுக்கு 1000 தாலந்துக்கு மேல் வருமானம் தந்த தங்கச் சுரங்கம் அவன் கையில் இருந்தது; தாலந்து என்பது அந்தக் காலத்துப் பெரிய பணக்கணக்கு. அந்தத் தங்கத்தில் அடித்த பொற்காசைச் சனம் ‘பிலிப்பு’ என்றே சொல்லியது. பிறகு இன்றைய பிரான்ஸ் பக்கத்துக் காலியா நாட்டிலும் பிரித்தானியாவிலும் அதைப் பார்த்துக் காசடித்தார்கள். பிரதிக்குப் பிரதி குதிரை உருக்குலைந்து, கடைசியில் சில வளைகோடும் சில புள்ளியுமாகப் போய்விட்டது.

அந்தப் பிலிப்புக்கும் ஒரு சறுக்கல் உண்டு. தெசாலியா நாட்டு வியாபாரி ஒருவன் புக்கெபலஸ் என்ற குதிரையைக் கொண்டுவந்து 13 தாலந்து விலை சொன்னான். ஒருவரையும் கிட்ட விடவில்லை, உதைத்தது. கொண்டுபோ என்று பிலிப்பு கையை விரித்துவிட்டான். பக்கத்தில் நின்ற அலெக்சாண்டர்தான் கவனித்தான்: குதிரை தன் நிழலைப் பார்த்து மிரளுகிறது. முகத்தைச் சூரியன் பக்கம் திருப்பிப் பிடித்து, தடவிக் கொடுத்து, ஏறிவிட்டான். அந்தக் குதிரை கி.மு. 326இல் அன்றைய இந்தியாவில், ஜீலம் ஆற்றங்கரைச் சண்டையோடு செத்தது. அங்கே அதன் பெயரில் ஒரு நகரமே கட்டினான் பெடியன். பெயர் தகப்பனுக்கு, குதிரை மகனுக்கு.

தேடத் தேட, நடந்து போன பிலிப்புமார்தான் அதிகம் அகப்பட்டார்கள். மரதன் போருக்கு முன், கி.மு. 490இல், உதவி கேட்டு ஏதென்சிலிருந்து ஸ்பார்ட்டாவுக்கு 240 கிலோமீட்டர் ஓடியவன் பெயர் பிலிப்பிடெஸ், அதாவது பிலிப்பு மகன். குதிரைப் பெயரை வைத்துக்கொண்டு காலால் ஓடினான். வேதாகமத்தில், அப்போஸ்தலர் நடபடிகளில், எத்தியோப்பிய மந்திரி இரதத்தில் இருந்து வாசித்துக்கொண்டு போகிறார் அல்லவா, பக்கத்தில் ஓடிப்போய் ‘வாசிப்பது விளங்குகிறதா’ என்று கேட்டவரும் ஒரு பிலிப்புதான். இயேசுவின் பன்னிரு சீடரில் இருந்த பிலிப்பு வேறு ஆள். பெத்சாயிதாவில், மீன்பிடிக்கிற ஊரில், யூதப் பெற்றோர் பிள்ளைக்குக் கிரேக்கப் பெயர் வைத்திருக்கிறார்கள். அலெக்சாண்டருக்குப் பின்னால் கிரேக்கம் அந்தப் பக்கமெல்லாம் பரவிவிட்டது. அந்தப் பகுதியை ஆண்ட ஏரோதின் மகன் பெயரும் பிலிப்பு. சீடர் பிலிப்பைப் பற்றி எனக்குப் பிடித்தது ஒரு கணக்கு. ஐயாயிரம் பேருக்குச் சாப்பாடு என்ற பேச்சு வந்ததும் அவர் அற்புதத்தைப் பற்றி யோசிக்கவில்லை; 200 தெனாரியத்துக்கு அப்பம் வாங்கினாலும் ஆளுக்கு ஒரு துண்டு காணாது என்றார். ஒரு தெனாரியம் ஒருநாள் கூலி. பேரரசர்மாரால் அல்ல, இந்தக் கணக்குக்காரராலும் ஓட்டக்காரராலும்தான் அந்தப் பெயர் எங்கள் அப்பு வரைக்கும் வந்தது.

அப்புவிடம் குதிரை இல்லை. ஒரு ரலி சைக்கிள் இருந்தது. அதை அவர் குதிரை மாதிரித்தான் வைத்திருந்தார். பூசையால் வந்ததும் சங்கிலியைக் கழற்றி மண்ணெண்ணெயில் ஊறப்போட்டுத் தேய்ப்பார், ஒருவரும் தொடக்கூடாது. கடைக்கு அனுப்பினால் மிச்சக் காசைக் கையில் கொட்டிச் சொல்லச் சொல்லுவார். சதம் குறைந்தால் திரும்ப நடக்க வேண்டும். பிறகு தானே சைக்கிளில் பின்னால் வந்து ஏற்றிக்கொண்டு போவார். உனக்கு அவரைத் தெரியாது; உன் பிள்ளைக்கு இதையெல்லாம் சொல்ல வேறு ஆளில்லை என்பதால் எழுதுகிறேன்.

என் சந்தோசத்துக்காக என்றால் வைக்க வேண்டாம். எனக்குப் பெடியன் சுகமாக இருந்தால் போதும். மருமகளுக்கு மனம் ஒப்பவில்லை என்றாலும் விடு. ஒலிவேராவை நினைத்து அவளுக்கு வருகிற கோபம் நியாயமானது, அதற்கு நான் மாசிடோனியாவைக் காட்டி மறுமொழி சொல்ல முடியாது. அவளுடைய அப்பாவின் பெயரும் நல்ல பெயர். கிரேக்க வழமைப்படி பார்த்தாலும் அவர் வரிசையில் இருக்கிறார்.

வைப்பதென்று இரண்டு பேரும் முடிவெடுத்தால் படிவத்தில் கவனம். ஆங்கிலத்தில் ‘எல்’ ஒன்றுதான். இரண்டு போடுகிறவர்கள் பிலொஸையும் ஹிப்பொஸையும் பிழையான இடத்தில் வெட்டுகிறார்கள். இரட்டிப்பது குதிரைப் பக்கத்து ‘ப’. ஆங்கிலத்தில் அதை ஒன்றாக்கிவிட்டார்கள், தமிழில் நாங்கள் விடவில்லை. ஆகவே தமிழில் எழுதும்போது பிலிப் என்று வெட்டாமல் பிலிப்பு என்றே எழுது. படிவம் கொடுக்க இன்னும் எத்தனை நாள் இருக்கிறது என்று சொல்லு. அம்மாவிடம் இப்போதைக்கு ஒன்றும் சொல்லவில்லை, சொன்னால் ஒழுங்கைக்குத் தெரிந்துவிடும்.

அன்புடன்,
அப்பா