மேரி கே ஸ்டேர்ன்ஸின் பெயருக்கு நேரே என்ன எழுதப் போகிறீர்கள்? – தொலைக்காட்சி ஆவணக் காப்பகத்தாருக்கு ஒரு திறந்த மடல்

காப்பகப் பொறுப்பாளர்களுக்கு வணக்கம்.

எவ்வளவு ஃபிலிம் மிஞ்சியிருக்கிறதோ அவ்வளவுதான் ஒரு நடிகை நடித்தார் என்று பட்டியல் போடும் வழக்கத்தைக் கைவிடுங்கள் என்று கேட்கவே இந்த மடல்.

மேரி கே ஸ்டேர்ன்ஸையே எடுத்துக்கொள்வோம். அமெரிக்க அலைவரிசைகளில் வந்த முதல் சிட்காமான (நகைச்சுவைத் தொடரான) ‘மேரி கே அண்ட் ஜானி’ 1947 நவம்பர் 18 அன்று டூமான்ட் அலைவரிசையில் தொடங்கியது. கணவர் ஜானியும் அவரும் கணவன் மனைவியாகவே நடித்தார்கள். ஆரம்பத்தில் வாரம் 15 நிமிடம். பிறகு என்பிசி, சிபிஎஸ் என்று இடம் மாறி 1950 மார்ச்சில் முடிந்தது. 1948இல் அவர் கர்ப்பமானபோது அதையும் கதையில் சேர்த்துக்கொண்டார்கள். யாராவது பார்க்கிறார்களா என்றறிய, முதலில் எழுதும் 200 பேருக்குச் சிறு கண்ணாடி இலவசம் என்றார் விளம்பரதாரர். வந்து குவிந்த கடிதங்கள் ஒன்பதாயிரத்தை நெருங்கின! மிஞ்சிய பதிவுகளையோ விரல்விட்டு எண்ணிவிடலாம்.

எல்லாம் நேரலை. வீடியோ டேப் வந்ததே 1956இல்தான். அதுவரை மானிட்டர் திரையை 16 மி.மீ. ஃபிலிமில் படம்பிடிக்கும் கினஸ்கோப்தான் கதி. திரை நொடிக்கு 60 முறை வரையப்படும். ஃபிலிமிலோ 24 ஃபிரேம்தான். ஷட்டர் கணக்கு இம்மி பிசகினாலும் படத்தின் குறுக்கே ஒரு பட்டை விழும். பதிவின்போதே விழுந்த அதைப் பலர் ‘ஃபிலிம் சேதம்’ என்று எழுதிவைத்துவிடுகிறார்கள்.

பட்டியலில் ‘அறிவிக்கப்பட்டது’, ‘ஒளிபரப்பானது’, ‘மிஞ்சியது’ என்று மூன்று பத்திகள் வையுங்கள். செய்தித்தாள் நிகழ்ச்சி நிரல் முன்கூட்டியே அச்சாவது; முதல் பத்திக்கு மட்டுமே அது சாட்சி. இரண்டாவதற்கு நிலையத்தின் ஒளிபரப்புப் பதிவேடும், பென்சில் திருத்தங்களோடு கூடிய ஸ்கிரிப்டும் வேண்டும். திருமணத்துக்கு முந்தைய பெயரிலும் தேடுங்கள். இல்லாவிட்டால் ஒரே நடிகை இருவராகிவிடுவார்.

டப்பாவைத் திறந்ததும் வினிகர் நெடி அடித்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். நெடி வரும்வரை காத்திருக்கவும் வேண்டாம். அமில ஆவி பட்டால் நிறம் மாறும் நீலத் தாளான ஏ-டி பட்டை ஒன்றை உள்ளே வைத்து, அறை வெப்பத்தில் ஒரு நாளாவது மூடிவையுங்கள். நீலம் பச்சையாகி மஞ்சளை நோக்கிப் போனால் அந்தச் சுருளைத் தனியே பிரித்துக் குளிரறைக்கு அனுப்புங்கள்; அதன் ஆவி பக்கத்துச் சுருள்களையும் கெடுக்கும். சுருங்கிய ஃபிலிமை புரொஜெக்டரில் ஏற்றினால் பல்சக்கரம் துளைகளைக் கிழித்துவிடும். பல்சக்கரமில்லாத ஸ்கேனரில்தான் ஓட்ட வேண்டும்.

ஸ்கேன் முடிந்தது என்று மூலச்சுருளை மட்டும் கழித்துவிடாதீர்கள்.

இப்படிக்கு,
பழைய தொலைக்காட்சி வரலாற்றைத் தொகுப்பவர்கள்