ஓடும் படத்தை நிறுத்தாமல் விட்டவர்

அன்பு மகளுக்கு,

நானும் அம்மாவும் நலம். நீ பார்க்கச் சொன்ன அமெரிக்கக் கலைஞர் ஜோன் ஜோனாஸின் ‘வெர்ட்டிகல் ரோல்’ வீடியோவை முழுவதுமாகப் பார்த்தேன். 1972இல் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். ஏறக்குறைய 20 நிமிடம். அப்பாவுக்கு இது புரியுமா என்று தயங்கி எழுதியிருந்தாய். டிவி பழுதுபார்த்து உன்னைப் படிக்க வைத்தவனுக்கு இது புரியாமல் வேறு எது புரியும்?

‘படம் ஓடுது’ என்று சொல்லித்தான் செட்டைக் கடைக்குத் தூக்கி வருவார்கள். ஒவ்வொரு படமும் எங்கே தொடங்க வேண்டும் என்று சொல்ல சிக்னலோடு வரும் சிங்க் துடிப்புக்குச் செட்டின் வெர்ட்டிகல் பகுதி கட்டுப்படாதபோது படம் நிலைகொள்ளாமல் உருளும். கண்ணில் படக்கூடாத கறுப்புப் பட்டையும் அதனோடு சேர்ந்து திரையைக் கடந்து போகும். வெர்ட்டிகல் ஹோல்ட் என்ற திருகைச் சற்றே திருப்பினால் பெரும்பாலும் நின்றுவிடும். ஜோனாஸ் அம்மாளோ அதை நிறுத்தாமல் ஓடவிட்டு, மானிட்டரையே இன்னொரு கேமராவால் எடுத்திருக்கிறார். பட்டை விழும்போதெல்லாம் கரண்டியால் தட்டும் ஓசை கேட்கிறது. அவர் குதிக்கும்போது கால்கள் அந்தப் பட்டையைத் தாண்டுவதுபோலவே தெரிகின்றன. பழுதின் தாளத்தை உடம்பில் ஏற்றிக்கொண்டவரால்தான் அப்படிக் குதிக்க முடியும். முடிவில் திரைக்கும் கேமராவுக்கும் நடுவே அவருடைய முகம் உருளாமல் வந்து நிற்கிறபோது, அதுவரை நாம் பார்த்தது ஒரு பெட்டியைத்தான் என்பது உறைக்கிறது.

உன் கண்காட்சி முடிந்ததும் எல்லாவற்றையும் பிரித்துக் குப்பையில் போட்டுவிடப் போவதாக எழுதியிருந்தாய் அல்லவா, அதற்காகத்தான் இந்தக் கடிதம். நியூயார்க்கில் 1936இல் பிறந்த ஜோனாஸ் சிற்பம் படித்தவர். 1960களின் இறுதியில் ஆளுயரக் கண்ணாடிகளை ஏந்தி நடப்பவர்களைக் கொண்டு, பார்வையாளர் முன் நேரடியாகச் செய்து காட்டும் நிகழ்த்துதல்களை நடத்தினார். 1970இல் ஜப்பானுக்குப் போய் அந்நாட்டின் மரபு நாடகமான ‘நோ’வைப் பார்த்தார், கையோடு கொண்டுபோகக்கூடிய சோனி போர்ட்டாபேக் வீடியோ கேமராவையும் அங்கேதான் வாங்கினார். இவையெல்லாம் உனக்குத் தெரிந்தவை. கிரிம் சகோதரர்களின் கதையை வைத்து 1976இல் அவர் நிகழ்த்திய ‘தி ஜூனிபர் ட்ரீ’, 1994இல் பொருள்களை ஓர் இடத்தில் அமைத்துக் காட்டும் நிறுவல் கலையாக மறுபிறவி எடுத்து, இன்று லண்டன் டேட் அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது என்பதைத்தான் நீ யோசிக்க வேண்டும். நிகழ்த்துதல் அன்றோடு போய்விடும், சரி; ஆனால் பொருளும் ஓவியமும் படச்சுருளும் கையில் இருந்தால்தான் பதினெட்டு ஆண்டு கழித்தும் அதை வேறு வடிவில் எழுப்ப முடியும். 2015இல் வெனிஸ் பினாலே என்ற உலகக் கலைக் கண்காட்சியில் அமெரிக்க அரங்கு, 2018இல் கியோட்டோ பரிசு, 2024இல் தம் 87ஆம் வயதில் நியூயார்க்கின் மோமா நவீனக் கலை அருங்காட்சியகத்தில் பெருங்கண்காட்சி என்று அவருக்கு மரியாதை வந்து சேர்வதற்குள் அரை நூற்றாண்டு போய்விட்டது. உனக்கு இப்போதுதான் முதல் கண்காட்சி.

ஆகவே முகமூடியையும் துணிகளையும் பெட்டியில் போட்டு வை; இடம் இல்லையென்றால் இங்கே அனுப்பு, பரண் காலியாகத்தான் இருக்கிறது. எந்த மானிட்டர், எந்த வயர், எவ்வளவு தூரத்தில் வைத்தாய் என்று படம் வரைந்து எழுதி வை. வீடியோவை இரண்டு இடங்களில் பிரதி எடுத்து வை.

பழைய டியூப் டிவி ஒன்று வாங்கப்போவதாகவும் சொன்னாய். கலர் செட்டின் டியூபில் 20,000 வோல்ட்டுக்கு மேல் இருக்கும். பிளக்கைப் பிடுங்கிய பிறகும் அந்த மின்னேற்றம் தங்கியிருக்கும். அந்த ஊரில் விவரம் தெரிந்த மெக்கானிக் ஒருவர் வந்து அந்த மின்னேற்றத்தை இறக்கிக் கொடுக்கும்வரை பின்மூடியைக் கழற்றாதே.

அன்புடன்,
அப்பா