மூடியை மூடும் முன் இருபது நிமிடம்

அன்புத் தோழிக்கு,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. மறுபடி வேலைக்குப் போகத் தொடங்கிவிட்டாய் என்ற செய்திதான் எனக்குப் பெரிய மகிழ்ச்சி. இத்தனை ஆண்டு இடைவெளிக்குப் பிறகு வகுப்பறைக்குள் நுழைவதற்குத் துணிவு வேண்டும். மாணவர்கள் முதல் வாரத்திலேயே உன்னோடு ஒட்டிக்கொண்டார்கள் என்று எழுதியிருந்தாய். அதில் எனக்கு வியப்பே இல்லை. கல்லூரியில் எனக்குப் புள்ளியியலைப் புரியவைத்தவள் நீதானே.

இங்கே எல்லோரும் நலம். அப்பா எங்களோடு வந்து தங்கியிருக்கிறார். பல் கட்டிய பிறகு கடினமானதை அவரால் மெல்ல முடிவதில்லை. அதற்காக எதையாவது மசித்துக் கொடுத்தால் தட்டைத் தள்ளிவைத்துவிடுகிறார். இறைச்சி இறைச்சியாகவே கண்ணுக்குத் தெரிய வேண்டும், ஆனால் கரண்டி பட்டதும் பிரிய வேண்டும். அந்தப் பதம், மெல்லிய சூட்டில் மணிக்கணக்காக வேகவைக்கும் மின்சார ஸ்லோ குக்கரில்தான் எளிதாகக் கிடைக்கிறது என்பதால் எங்கள் வீட்டில் அது இப்போது அலமாரிக்குத் திரும்புவதே இல்லை.

உன் கடிதத்தின் கடைசிப் பக்கத்துக்கு வருகிறேன். கோழியும் சாசேஜும் (உறைக்குள் அடைத்த கொத்துக்கறி) சேர்த்துச் செய்த இத்தாலிய ஸ்டியூ தண்ணீராக நின்றது, கோழி நார்நாராகப் போனது, சாசேஜ் வெளிறிக் கிடந்தது என்று மூன்று குறை சொல்லியிருக்கிறாய். மூன்றுக்கும் காரணம் ஒன்றுதான் என்று நினைக்கிறேன். 'எல்லாவற்றையும் உள்ளே போட்டு மூடிவிட்டுப் போகலாம்' என்று அந்தக் கருவியை விற்கிறார்கள், நாமும் நம்பிவிடுகிறோம். தன்னால் செய்ய முடிந்ததை அது அருமையாகச் செய்யும். முடியாததை மூடியை மூடும் முன் நாம்தான் செய்து கொடுக்க வேண்டும். இருபது நிமிடம் போதும்.

குக்கரால் முடியாதவற்றில் முதலாவது, வறுப்பது. உள்ளே எவ்வளவு நேரம் வைத்தாலும் வெப்பம் தண்ணீரின் கொதிநிலையை ஒட்டித்தான் நிற்கும். இறைச்சியின் மேல்பரப்பு பழுப்பேறி, வறுத்த மணம் பிறக்க ஏறத்தாழ 140 டிகிரி செல்சியஸ் வேண்டும். 1912-இல் இதை விவரித்த பிரெஞ்சு வேதியியலாளர் மயார் பெயரால்தான் இந்த மாற்றத்தை இன்றும் அழைக்கிறார்கள். ஆகவே வாணலியைத் தவிர்க்க வழியில்லை. அடி கனத்த வாணலியில் கொஞ்சம் ஆலிவ் எண்ணெய் விட்டு, சாசேஜை முழுதாகவே போட்டுத் திருப்பித் திருப்பிச் சிவக்க விடு. பச்சையாக நறுக்கினால் உள்ளே இருப்பது பிதுங்கி உருவம் கெடும். மேலே நன்றாகச் சிவந்ததும் எடுத்துச் சற்று ஆறவிட்டு, விரல் நீளத்தில் பாதியளவுத் துண்டுகளாகச் சாய்வாக வெட்டு. உள்ளே இன்னும் வேகாமல் இளஞ்சிவப்பாக இருக்கும். குக்கரில் அது வெந்துவிடும்.

எந்தச் சாசேஜ் என்பது முக்கியம். இத்தாலியிலேயே பகுதிக்குப் பகுதி அது மாறும். அமெரிக்காவில் 'இத்தாலிய சாசேஜ்' என்று பெயரிட்டு விற்க வேண்டுமானால் அதில் உப்பும் மிளகும் தவிர சோம்போ, சோம்பைப் போலவே மணக்கும் அனிஸ் விதையோ இருந்தே ஆக வேண்டும் என்று அரசு விதியே இருக்கிறது. கொழுப்பு 35 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. இந்த ஸ்டியூவுக்கு இத்தாலிய மணத்தைக் கொடுப்பது அந்தச் சோம்புதான். உனக்குக் கிடைக்கும் சாசேஜில் சோம்பு இல்லையென்றால், ஒரு தேக்கரண்டி சோம்பை வெறும் வாணலியில் லேசாக வறுத்து, ஒன்றிரண்டாகப் பொடித்துச் சேர். புகையூட்டி ஏற்கெனவே வேகவைத்த சாசேஜ் இதற்கு வேண்டாம். புகை வாசனை தக்காளியை அமுக்கிவிடும்.

கோழி நாராகப் போனதற்குக் காரணம் நீ நெஞ்சுக்கறியை எட்டு மணி நேரம் வைத்தது. நெஞ்சுக்கறியில் தசைகளைக் கட்டிவைக்கும் இணைப்புத் திசு மிகக் குறைவு. உள்வெப்பம் 74 டிகிரியை எட்டினால் அது உண்ணப் பாதுகாப்பானதாகிவிடுகிறது. அதற்கு மேல் வைக்க வைக்க ஈரத்தை இழந்துகொண்டே போகும். தொடைக்கறி அப்படியில்லை. அதன் இணைப்புத் திசுவிலுள்ள கொலாஜன் என்ற புரதம் 70 டிகிரிக்கு மேல் மெல்ல மெல்லக் கரைந்து ஜெலட்டினாக மாறுகிறது. இறைச்சி மிருதுவாவதும் குழம்பு உதட்டில் லேசாக ஒட்டுவதும் அதனால்தான். தோல் நீக்கிய தொடைத் துண்டுகள் ஒரு கிலோ, சாசேஜ் அரைக் கிலோ என்று வைத்துக்கொள். ஆறு பேர் நிறைவாகச் சாப்பிடலாம். எலும்போடு இருந்தால் இன்னும் நல்லது, கூடுதல் நேரத்தையும் தாங்கும். சாசேஜ் விட்ட கொழுப்பில் இரண்டு மேசைக்கரண்டியை மட்டும் வாணலியில் வைத்துக்கொண்டு, ஈரம் துடைத்த கோழியை இரு பக்கமும் சிவக்க வறுத்து எடு.

இப்போது அடியில் பழுப்பாக ஒட்டியிருக்கும் படிவத்தைக் கழுவிக் கொட்டிவிடாதே. முழு ருசியும் அங்கேதான் இருக்கிறது. இரண்டு வெங்காயத்தையும் ஐந்தாறு பல் பூண்டையும் நறுக்கி அதிலேயே வதக்கு. இரண்டு மேசைக்கரண்டி தக்காளி விழுதைப் போட்டு, அதன் சிவப்பு செங்கல் நிறத்துக்கு இறங்கும் வரை கிளறு. பச்சைப் புளிப்பு போய் ஒரு இனிப்பு மணம் எழும். பிறகு அரைக் குவளை வெள்ளை ஒயினை ஊற்றி அடியைச் சுரண்டிவிட்டுப் பாதியாக வற்றவிடு. ஒயினை நேரே குக்கரில் ஊற்றினால் ஆல்கஹால் வெளியேற வழியில்லாமல் ஸ்டியூவில் ஒரு நெடி தங்கிவிடும். ஒயின் வேண்டாமென்றால் அதே அளவு கோழிச் சாறு.

தண்ணீராக நின்றதற்கு வருகிறேன். மூடிய குக்கரிலிருந்து ஆவி வெளியேறுவது மிகக் குறைவு. மூடியில் பட்டுக் குளிர்ந்து மறுபடி உள்ளேயே சொட்டுகிறது. போதாததற்குக் கோழி, வெங்காயம், குடைமிளகாய் எல்லாம் தத்தம் நீரை விடுகின்றன. நீ ஊற்றிய இரண்டு குவளைச் சாறு அடுப்பில் வைக்கும் பாத்திரத்துக்கான கணக்கு. இதில் 400 கிராம் டின் முழுத்தக்காளி இரண்டும் வற்றிய அந்த ஒயினும் போதும். தக்காளியைக் கையாலேயே பிசைந்து போடு. மூடும்போது இறைச்சி முழுகாமல் மேலே தலைநீட்டிக்கொண்டு இருக்கும். பதறாதே, அது சரியான அளவு.

அடுக்கும் வரிசையையும் சொல்லிவிடுகிறேன். உருளைக்கிழங்கும் காரட்டும் அடியில், சுவரை ஒட்டி இருக்கட்டும். இறைச்சியைவிட அவைதான் வேகத் தாமதமாகும். தக்காளியின் புளிப்பு அவற்றை இன்னும் பிடித்துவைக்கும். அதன்மேல் கோழி, சாசேஜ், வதக்கியது, தக்காளி. இரண்டு சிவப்புக் குடைமிளகாயைப் பெரிய பட்டைகளாக வெட்டி மேலே போடு. உலர்ந்த ஒரிகானோ ஒரு தேக்கரண்டி, ரோஸ்மேரி ஒரு கிளை. பார்மசான் சீஸின் காய்ந்த ஓரம் இருந்தால் அதையும் உள்ளே புதைத்துவை. கரையாது, ஆனால் குழம்புக்கு ஓர் ஆழம் கொடுக்கும். உப்பை மட்டும் இப்போது போடாதே. சாசேஜிலும் சீஸிலும் உப்பு உண்டு, கடைசியில் ருசி பார்த்துச் சேர்க்கலாம்.

'லோ'வில் ஆறு மணி நேரம். 'ஹை' என்றால் மூன்றரை. பெரும்பாலான குக்கர்களில் இரண்டும் கடைசியில் ஏறக்குறைய ஒரே வெப்பத்தைத்தான் எட்டும், எட்டுவதற்கு எடுக்கும் நேரம்தான் வேறு. நீ காலையில் கிளம்பி மாலையில் திரும்புகிறவள் என்பதால் ஆறு மணி நேரத்துக்குப் பிறகு தானாகச் 'சூடாக வைத்திரு' நிலைக்கு மாறும் வசதி உன் குக்கரில் இருக்கிறதா என்று பார். தாமதமாகத் தொடங்கும்படி நேரம் குறித்துப் பச்சைக் கோழியை உள்ளே காத்திருக்க வைக்காதே. முதல் நாள் இரவே காய்களை நறுக்கி வைக்கலாம், வெங்காயத்தையும் தக்காளி விழுதையும் வதக்கிக் குளிர்பெட்டியில் வைக்கலாம். இறைச்சியை மட்டும் அரைகுறையாக வறுத்து வைக்கக் கூடாது. காலையில் வறுத்தவுடன் குக்கருக்குள் போக வேண்டும்.

வேகும்போது திறந்து பார்க்கும் ஆசையை அடக்கிக்கொள். ஒருமுறை மூடியை எடுத்தால் இழந்த வெப்பம் திரும்ப இருபது நிமிடத்துக்கு மேல் ஆகும். இந்தக் கருவியின் பிறப்பே தொடாமல் சமைப்பதில்தான் இருக்கிறது, தெரியுமா? இர்விங் நாக்சன் என்ற அமெரிக்கர் 1940-இல் இதற்குக் காப்புரிமை பெற்றார். ஓய்வு நாளில் அடுப்பு மூட்டாத யூதக் குடும்பங்கள் வெள்ளி மாலையே இறைச்சியும் பயறும் நிரம்பிய பானையை ரொட்டி சுடுபவரின் அடுப்பில் வைத்து, இரவெல்லாம் ஆறிவரும் சூட்டில் வேகவிட்டு, மறுநாள் எடுத்து உண்பார்களாம். லித்துவேனியாவில் நடந்த அந்த வழக்கத்தை அவருடைய தாய் சொல்லக் கேட்டதுதான் தூண்டுதல். 1971-இல் ரைவல் நிறுவனம் அதை 'கிராக்-பாட்' என்ற பெயரில் விற்கத் தொடங்கிய பிறகுதான் வீட்டுக்கு வீடு பரவியது. அந்தக் குடும்பங்களின் பொறுமையை நினைத்துக்கொண்டால் மூடியில் கை போகாது.

கனெலினி என்ற வெள்ளை பீன்ஸ் சேர்ப்பதாக இருந்தால் டின்னில் வருவதைக் கழுவி, கடைசி அரைமணி நேரத்தில் போடு. இதில் ஓர் எச்சரிக்கை. உலர்ந்த பீன்ஸை, அதிலும் சிவப்புக் கிட்னி பீன்ஸை, பச்சையாகக் குக்கரில் போட்டுவிடாதே. அதிலுள்ள நச்சுப்புரதம் அழிய ஊறவைத்த நீரைக் கொட்டிவிட்டுப் புது நீரில் குறைந்தது பத்து நிமிடம் தளதளவென்று கொதிக்க வேண்டும். ஸ்லோ குக்கரின் மந்தமான சூடு அதற்குப் போதாமல் போகலாம். வயிற்றைக் கடுமையாகப் புரட்டிவிடும்.

பரிமாறும் முன் பத்து நிமிடம் மறுபடி உன் கைவேலை. மேலே மிதக்கும் எண்ணெயைக் கரண்டியால் வழித்தெடு. நாலைந்து கரண்டி பீன்ஸை மசித்துக் கலந்தால் குழம்பு திடப்படும். இத்தனை மணி நேரம் வெந்ததில் சுவைகள் எல்லாம் ஒன்றாகிச் சற்று மங்கியிருக்கும். ஒரு தேக்கரண்டி சிவப்பு ஒயின் வினிகர், துருவிய எலுமிச்சைத் தோல், கிழித்துப் போட்ட பேசில் (இத்தாலியத் துளசி) இலை. இவை விழுந்ததும் தக்காளியின் ருசி விழித்துக்கொள்ளும். பேசிலை முதலிலேயே போட்டால் கறுத்து மணமிழந்துவிடும். பொலெண்டா என்ற சோளமாவுக் களியோடும் சாப்பிடலாம், ஆனால் எனக்கு மொறுமொறுப்பான ரொட்டிதான் பிடிக்கும். அப்பா ரொட்டியைக் குழம்பில் ஊறப்போட்டு, கோழியைக் கரண்டியாலேயே பிரித்து, இரண்டாவது முறை கேட்டு வாங்குகிறார். அவர் இப்போதெல்லாம் வேறு எதையும் இரண்டாவது முறை கேட்பதில்லை.

மிச்சமிருந்தால் இரண்டு மணி நேரத்துக்குள் தட்டையான டப்பாக்களில் மாற்றிக் குளிர்பெட்டியில் வை. மறுநாள் இன்னும் நன்றாக இருக்கும், உறைந்த கொழுப்பையும் எளிதாக எடுத்துவிடலாம். திரும்பச் சூடாக்க அடுப்பைப் பயன்படுத்து. ஸ்லோ குக்கரில் சூடேற நெடுநேரமாகும், அதற்குள் கிருமிகள் பெருகும்.

உன் குக்கர் எத்தனை லிட்டர் என்று எழுத மறக்காதே. நான் சொன்ன அளவு ஐந்தரை லிட்டருக்குச் சரியாக இருக்கும்; சிறியதென்றால் எல்லாவற்றையும் பாதியாக்கிவிடு. சாசேஜ் காரமுள்ளதா இல்லையா என்பதையும் சொல். காரமில்லையென்றால் பூண்டு வதக்கும்போது அரைத் தேக்கரண்டி மிளகாய்ச் செதில் போட்டுக்கொள். அப்பா உன்னை விசாரித்தார். பள்ளி விடுமுறை எப்போது தொடங்குகிறது என்று அவருக்கே தனியாக ஒரு வரி எழுது.

அன்புடன்,
உன் தோழி