வன்னியில் கண்ணை அளந்து பார்க்கும் மாதாந்தக் கிளினிக் வேண்டி ஒரு மனு

பெறுநர்:
மாகாண சுகாதார சேவைகள் பணிப்பாளர் அவர்கள்,
வட மாகாணம்.

அனுப்புநர்:
மல்லாவி, துணுக்காய், மாங்குளம் பகுதிப் பெற்றோரும் ஆசிரியர்களும்.

மதிப்புக்குரிய பணிப்பாளர் அவர்களுக்கு,

எங்கள் பகுதிக்கு மாதம் ஒரு தடவையாவது நடமாடும் கண் கிளினிக் ஒன்று வரவேண்டும், அது பார்வையைச் சோதிப்பதோடு நில்லாமல் கண்ணையே அளந்து பார்க்கவேண்டும் என்று கேட்டு இம்மனுவை எழுதுகிறோம்.

கண் முகாம்கள் எங்களிடம் வராமல் இல்லை. எழுத்து அட்டையை வாசிக்க வைக்கிறார்கள், கண்ணாடி எழுதித் தருகிறார்கள். அதனால் பயன்பெற்ற பிள்ளைகள் பலர், நன்றியுடன் சொல்கிறோம். ஆனால் பிள்ளைக்கு எவ்வளவு தெரிகிறது என்பதை மட்டுமே அந்த அட்டை சொல்லும். ஏன் தெரியவில்லை என்பதை அது சொல்லாது.

எங்கள் மாணவன் ஒருவனின் கதை இதற்குப் போதும். கண் கடிக்கிறது என்று எந்நேரமும் கசக்கிக்கொண்டே இருப்பான். கண்ணாடி எழுதிக் கொஞ்சக் காலத்திலேயே அது சரிவராமல் போகும். மறுபடி எழுதுவார்கள், அதுவும் சரிவராது. இரவில் ஒரு விளக்கு அவனுக்கு நாலைந்தாகத் தெரிந்தது. படிப்பில் கவனமில்லை என்று வீட்டில் ஏச்சு வேறு. கடைசியில் வெளியூர் ஆஸ்பத்திரி ஒன்றில் அளந்து பார்த்தபோதுதான் விழிவெண்படலம், அதாவது கருவிழியின் முன்னால் இருக்கும் கண்ணாடி போன்ற படலம், மெலிந்து கூம்பாகத் தள்ளிக்கொண்டு வருவது தெரிந்தது. கெரற்றோகோனஸ் என்கிறார்கள். பதின்ம வயதில் தொடங்கி மெல்ல மெல்லக் கூடும் நோய் இது.

இதில் காலம் மிக முக்கியம். விழிவெண்படலத்தின் நடுத்தடிப்பு சாதாரணமாக 0.54 மில்லிமீற்றர் அளவில் இருக்கும். நோய் மேலும் கூடாமல் தடுக்க, வைட்டமின் பி2 துளிகளை இட்டு புறஊதா ஒளி பாய்ச்சும் சிகிச்சை இருக்கிறது. வழக்கமான முறையில் அதைச் செய்யக் குறைந்தது 0.4 மில்லிமீற்றர் தடிப்பு மிஞ்சியிருக்கவேண்டும். போன பார்வையை அது திருப்பித் தராது, இருப்பதைக் காக்கும். அந்தக் கட்டம் தாண்டினால் கடினமான கொன்ராக்ட் லென்ஸ், அதுவும் சரிவராவிட்டால் விழிவெண்படல மாற்றுச் சத்திரசிகிச்சை. 1961 இல் வைத்தியர் ஹட்சன் சில்வா கண்தானச் சங்கத்தைத் தொடங்கிய நாடு இது; தானமாகக் கண் கிடைக்கும் என்ற நம்பிக்கை எங்களுக்கு உண்டு. ஆனாலும் நேரத்தோடு அளந்திருந்தால் மாற்றவே வேண்டியிராத கண்ணுக்கு ஏன் அந்தச் சத்திரசிகிச்சை என்பதுதான் எங்கள் ஆதங்கம்.

வளைவை அளக்கும் கெரற்றோமீற்றர் மட்டும் போதும் என்று தயவுசெய்து முடிவெடுக்கவேண்டாம். அது நடுவில் ஏறக்குறைய 3 மில்லிமீற்றர் வட்டத்தைத்தான் பார்க்கும். கூம்பு பெரும்பாலும் நடுவுக்குக் கீழே தொடங்குவதால், ஆரம்ப நோய் அதில் தப்பிவிடலாம். ஒளி வளையங்களைக் கண்ணில் விழுத்தி, அவை எங்கே நெருங்குகின்றன, எங்கே கோணுகின்றன என்று முழு மேற்பரப்பையும் வரைபடமாக்கும் கருவி வேண்டும். தடிப்பை அளக்கும் கருவியும் கூடவே வரவேண்டும். அது பெரியவர்களுக்கும் உதவும்: விழிவெண்படலம் மெல்லியதாக இருந்தால் கண்ணழுத்தம் உள்ளதைவிடக் குறைவாகக் காட்டும், கண் நரம்பைப் பழுதாக்கிப் பார்வையைப் பறிக்கும் குளுக்கோமா நோய் மறைந்து கிடக்கலாம்.

அடுத்தது கண்குழி. ஒரு கண் முன்னால் தள்ளி நிற்பதற்குத் தைரொயிட் நோய் காரணமாகலாம், கண்ணுக்குப் பின்னால் வளரும் கட்டியும் காரணமாகலாம். அடிபட்டுக் கண்குழி எலும்பு உடைந்தால் கண் உள்ளே போகும். இதை அளக்க ஹேர்ட்டல் என்ற சிறு கைக்கருவி இருக்கிறது, மின்சாரமே தேவையில்லை. இரண்டு பக்கமும் கண்குழியின் வெளி எலும்பில் வைத்து, கண் எத்தனை மில்லிமீற்றர் முன்னால் நிற்கிறது என்று வாசிப்பார்கள். இரு கண்ணுக்கும் 2 மில்லிமீற்றருக்கு மேல் வித்தியாசம் இருந்தால் காரணம் தேடவேண்டும். இரண்டு எலும்புக்கும் இடையில் வைத்த தூரத்தையும் எழுதினால்தான் அடுத்த முறை அதே தூரத்தில் வைத்து ஒப்பிடலாம். ஆகவே எல்லா அளவுகளும் நோயாளியின் கிளினிக் கொப்பியில் ஏறவேண்டும் என்றும் கேட்கிறோம். பிள்ளை வேறு ஆஸ்பத்திரிக்குப் போனாலும் பழைய அளவு கையில் இருக்கும். கூடியிருக்கிறதா, அப்படியே நிற்கிறதா என்று வைத்தியர் உடனே பார்க்கலாம்.

கைக்குழந்தைகளுக்கு இன்னும் எளிது. பிறந்த குழந்தையின் விழிவெண்படலம் குறுக்காக 10 மில்லிமீற்றர் அளவில் இருக்கும். ஒரு வயதுக்குள் 12 ஐத் தாண்டினால் பிறவிக் குளுக்கோமாவோ என்று சந்தேகிக்கவேண்டும். வீடு வீடாக வரும் குடும்பநல உத்தியோகத்தர்களுக்கு, பெரிதாகத் தெரியும் கண், ஓயாத கண்ணீர், வெளிச்சத்துக்குக் கூசுதல் ஆகியவற்றைக் கண்டால் உடனே அனுப்பும்படி அறிவுறுத்துங்கள்.

மல்லாவியிலிருந்து மாங்குளத்துக்கு வந்து, ஏ9 வீதியில் பஸ் மாறி, யாழ்ப்பாணமோ வவுனியாவோ போவதென்றால் கூலிவேலை செய்பவருக்கு ஒரு நாள் சம்பளம் போய்விடும். மீண்டும் மீண்டும் அளக்கவேண்டிய நோயில் இரண்டாவது தடவை பலர் போவதில்லை.

கிளினிக் நடத்தப் பாடசாலை மண்டபத்தை ஒழுங்குசெய்து தருவோம். கண்ணாடி அடிக்கடி மாற்றும் பிள்ளைகள், கண்ணை ஓயாமல் கசக்கும் பிள்ளைகள் ஆகியோரின் பட்டியலை ஆசிரியர்கள் தயாரிப்பார்கள். திகதியை இரண்டு வாரம் முன்னதாக அறிவித்தால், அவர்களைப் பெற்றோருடன் கூட்டிவருவது எங்கள் பொறுப்பு.

இப்படிக்கு,
மல்லாவி, துணுக்காய், மாங்குளம் பகுதிப் பெற்றோரும் ஆசிரியர்களும்